தோல் உரியாத மாதம்

நரைத்தோல் 3, கோழிநாள்

மூன்று முறை கை கழுவியாயிற்று, இன்னும் நாறுகிறது. புளி போட்டுத் தேய்த்தேன், சாம்பல் போட்டுத் தேய்த்தேன். பதினேழு வருடமாக இதே வேலை, இதே நாற்றம். போகப்போகப் பழகிவிடும் என்று சொன்னவன் எவனோ, அவனை ஒரு நாள் இந்தக் குழிக்குள் இறக்கிவிட்டு ஏணியை எடுத்துவிட வேண்டும்.

மற்ற ஊர்களில் நிலவைப் பார்த்து மாதம் எண்ணுகிறார்களாம். உப்பு ஏற்ற வந்த வெளியூர்க்காரர் ஒருவர் சொன்னார். எவ்வளவு சுத்தமான ஏற்பாடு! அண்ணாந்து பார்த்தால் வேலை முடிந்தது. எங்கள் ஏழ்மதகில் மாதத்தை ஒரு மிருகத்தின் முதுகில் அல்லவா கட்டி வைத்திருக்கிறார்கள். பார்க்க உடும்பு மாதிரி இருக்கும், எட்டு எருமை நீளம். ஊர் நடுவில் குழி வெட்டி, சுற்றிலும் படி கட்டி, பெரியவள் என்று பெயர் வைத்துக் கும்பிடுகிறார்கள். அது தோல் உரித்தால் மாதம் பிறக்கும். சில சமயம் இருபத்தெட்டு நாள், சில சமயம் முப்பது, ரொம்பச் சோம்பல் பிடித்தால் முப்பத்திரண்டு. தோலின் நிறத்தை வைத்து மாதத்துக்குப் பெயர். அன்றன்று அது தின்பதை வைத்து நாளுக்குப் பெயர். மீன், ஆடு, கோழி, தவளை, ஐந்தாம் நாள் பட்டினி. அது பட்டினி கிடக்கும் நாளில் ஊரில் ஒரு வீட்டிலும் அடுப்பு எரியக்கூடாது. பிறந்தது, கல்யாணம் ஆனது, செத்தது எல்லாம் இந்தக் கண்றாவியின் வயிற்றையும் தோலையும் வைத்துத்தான் எழுதப்படும். அதன் எச்சத்தை அள்ளுகிறவன் தும்பையன், அதாவது நான்.

எல்லாரும் 'அவள்' என்கிறார்கள். நான் இங்கே 'அது' என்றுதான் எழுதுவேன்.

இந்த மாதம் பிறந்த அன்றே ஒரு கருமம் நடந்துவிட்டது. உரிந்த தோலை முழுசாக, ஊரின் நாட்கணக்கு எழுதும் நாள்மனையில் ஒப்படைக்க வேண்டும். அங்கே விரித்து அளந்தபோது வால் பக்கம் இரண்டு முழம் குறைந்தது. கத்தியால் வெட்டிய வெட்டு. குழியில் வேலை செய்வது நானும் என் மச்சினன் பூவரசும்தான். நாள்மனையின் தலைவர், நாள்நாயகம் தாழையார், எங்கள் இருவரையும் நிற்க வைத்துக் கேட்டார். பூவரசு தான் வெட்டியதாகச் சொல்லிவிட்டான். துண்டு எங்கே என்றதற்கு மதகுத் தண்ணீரில் விட்டுவிட்டேன் என்றான். அடுத்த தோல் உரியும் வரை சுண்ணாம்புச் சூளையில் வேலை என்று தீர்ப்பு. ஒரு மாதம்.

ஏன் அப்படிச் சொன்னான் என்று என்னைக் கேட்டால் எனக்கு எப்படித் தெரியும்? இருபத்தாறு வயது ஆள், அவனுக்கே புத்தி இருக்கிறது. என் மனைவி நொச்சி, அவனுடைய அக்கா, இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. ஒரு மாதம் ஓடிவிடும் என்று சொன்னேன்.

நரைத்தோல் 4, தவளைநாள்

நாற்பது கூடை தவளை. தனியாளாகச் சுமந்தேன். அது வாயைத் திறந்து வைத்துக்கொண்டு படுத்திருக்கும், நாம் கொட்ட வேண்டும். பாதி தவளைகள் உள்ளே போனதும் திரும்பக் குதித்து வெளியே வரும். அவற்றைப் பிடித்து மறுபடி உள்ளே போட வேண்டும். இதற்குப் பூவரசு இருந்தால் நன்றாக இருக்கும். அவனுக்குக் குமட்டாது.

சாயங்காலம் நல்ல மழை. வீடு ஒழுகவில்லை. நொச்சிக்கு ஆச்சரியம். கூரையைச் சரி செய்துவிட்டேன் என்றேன். எதை வைத்து என்று கேட்டாள். ஓலை என்றேன்.

நரைத்தோல் 16, மீன்நாள்

மீன்நாள்தோறும் சூளை வாசலில் கூடை கொடுக்கலாம் என்று அனுமதி. ஆளைப் பார்க்க முடியாது. நொச்சி சோறும் குழம்பும் கட்டிக் கொடுத்தாள். சூளை இருக்கும் பக்கம் போனாலே தொண்டை எரிகிறது. வெள்ளைத் தூசு மரத்தில், சுவரில், காவலாளியின் மீசையில், எங்கும் படிந்திருக்கிறது. கூடையைக் கொடுத்தேன், சற்று நேரத்தில் காலியாகத் திரும்பி வந்தது. பாத்திரம் வழித்து நக்கிய மாதிரி சுத்தமாக இருந்தது. நன்றாகச் சாப்பிடுகிறான் என்று நொச்சியிடம் சொன்னேன். அவள் முகம் கொஞ்சம் தெளிந்தது.

நரைத்தோல் 24, தவளைநாள்

தோல் மங்கிவிட்டது. கண்ணுக்கு மேல் வெண்படலம் வந்திருக்கிறது. இன்னும் நாலைந்து நாள்தான். நொச்சி நேற்றே பூவரசுக்குப் புது வேட்டி துவைத்துக் காயப்போட்டாள்.

இன்று நாள்நாயகம் குழிக்கு வந்தார். மூன்றாம் படிக்குக் கீழே அவர் இறங்கி நான் பார்த்ததில்லை. வாசனைத் துணியை மூக்கில் வைத்துக்கொண்டே பேசினார். என் குடும்பம், என் உடம்பு, என் முதுகுவலி எல்லாம் விசாரித்தார். எனக்கு முதுகுவலி என்று அவருக்கு யார் சொன்னது? பதினேழு வருடத்தில் என் பெயரையே இன்றுதான் சொல்கிறார். எனக்கு அப்போதே ஏதோ சரியில்லை என்று பட்டது.

நரைத்தோல் 27, ஆட்டுநாள்

விஷயம் என்னவென்று எனக்குத் தெரிந்துவிட்டது. ஊரை ஆளும் முறைத்தலைவரின் பதவி முப்பத்தாறு தோலுக்கு. இது முப்பத்தாறாவது. இது உரிந்தால் அவர் எழுந்து வீட்டுக்குப் போக வேண்டும். அவருக்குப் போக மனமில்லை.

தோல் காய்ந்தால்தான் உரியும், காயாமல் பார்த்துக்கொள் என்று நாள்நாயகம் சொன்னார். மீன் எண்ணெய் பீப்பாய் பீப்பாயாக வந்து இறங்கியிருக்கிறது. தலையிலிருந்து வால் வரை தினமும் இரண்டு வேளை பூச வேண்டும். தீனியும் பாதி. வளர்ந்தால்தானே பழைய தோல் இறுகும்.

எத்தனை நாளைக்கு என்று கேட்டேன். கொஞ்ச நாள் என்றார். முடியாது என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் வேறு ஒருவனை வைத்துப் பூசுவார்கள், என்னைச் சூளைக்கு அனுப்புவார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். அதனால் பூசினேன். ஊசிப்போன எண்ணெய். முழங்கை வரை வழிகிறது. வாந்தி எடுத்துவிட்டு மறுபடி பூசினேன்.

நரைத்தோல் 33, கோழிநாள்

நாள்மனையில் மாதத்துக்கு ஒரு பக்கம். பக்கத்துக்கு முப்பத்திரண்டு வரி. ஒரு வரிக்கு ஒரு நாள், அந்த நாளின் பிறப்பு, இறப்பு, கல்யாணம். நேற்றோடு வரி தீர்ந்தது. தோல் உரிந்தால்தான் பக்கம் புரட்ட வேண்டும் என்பது சட்டம். உரியவில்லை. இன்று எழுத்தர் என்ன செய்தார் தெரியுமா? பேனாவைத் துடைத்து வைத்துவிட்டு வெயிலில் உட்கார்ந்து பல் குத்திக்கொண்டிருந்தார். எங்கே எழுதுவீர்கள் என்று கேட்டேன். இடமில்லை, அதனால் எழுதவில்லை என்றார். சொல்லும்போது சிரிப்பு வேறு.

நொச்சி கேட்டாள், ஏன் இன்னும் உரியவில்லை என்று. அதற்கு உடம்பு சரியில்லை என்றேன்.

நரைத்தோல் 47, ஆட்டுநாள்

இந்த ஊர் ஜனங்களை நினைத்தால் குமட்டுகிறது. முதலில் முணுமுணுத்தார்கள். இப்போது பழகிவிட்டது. இங்கே பன்னிரண்டு தோல் உரிந்தால் ஒரு வயது என்று எண்ணுவது வழக்கம். மாதம் நகராததால் யாருக்கும் வயது ஏறவில்லை. சந்தையில் பெண்கள் ஒருவரையொருவர் கன்னத்தைக் கிள்ளி, நீ அப்படியே இருக்கிறாயே என்று சிரிக்கிறார்கள். கிழடுகள் படியில் உட்கார்ந்து, பெரியவள் நமக்குக் கூடுதல் நாள் தந்திருக்கிறாள் என்று கும்பிடுகின்றன. முறைத்தலைவர் இதற்கு 'நீள்மாதம்' என்று பெயர் வைத்து மேளம் அடித்து அறிவித்துவிட்டார். புண்ணிய மாதமாம்.

சூளையில் இருப்பவர்களைப் பற்றி ஒருவர் வாயிலிருந்தும் ஒரு வார்த்தை வரவில்லை. பதினோரு பேர் இருக்கிறார்கள். எல்லாருக்கும் 'அடுத்த தோல் வரை'.

இதை நான் யாரிடமாவது சொல்லியிருக்கலாம். எண்ணெய் பூச நேரம் ஆகிவிட்டது.

நரைத்தோல் 52, ஆட்டுநாள்

காற்றுமேட்டில் எனக்கு வீடு ஒதுக்கியிருக்கிறார்கள். ஓடு போட்ட கூரை. குழியின் நாற்றம் அங்கே எட்டாது. ஜன்னலைத் திறந்தால் வேப்பங்காற்று. நான் போய் ஒரு மணி நேரம் வெறுமனே மூச்சு விட்டுக்கொண்டு நின்றேன். பதினேழு வருடம் உழைத்தவனுக்கு இது அதிகமா?

நொச்சி வரமாட்டேன் என்கிறாள். பூவரசு வெளியே வந்தால் பழைய வீட்டுக்குத்தான் தேடி வருவான், அப்போது நான் அங்கே இருக்க வேண்டும் என்கிறாள். அவன் என்ன வழி தெரியாத ஆளா? சரி, நானும் இங்கேயே கிடக்கிறேன். பகலில் மட்டும் போய் அந்த வீட்டில் உட்கார்ந்துவிட்டு வருகிறேன்.

நரைத்தோல் 58, கோழிநாள்

நாள்மனை ஆட்கள் வீடு வீடாக வரப்போகிறார்களாம். நீள்மாதக் கொடி கட்டக் கூரை மேல் ஏறுவார்கள். காலையில் ஏணி வைத்து ஏறினேன். ஒரு பழைய ஓலை மட்டையை எடுத்துக் கொல்லையில் போட்டு எரித்தேன்.

அது எரிந்த நாற்றம் தெரு முழுக்க வந்துவிட்டது. ஈர மயிரும் ஊசிய மீனும் சேர்ந்த நாற்றம். நொச்சி கொல்லைக்கு வந்து நின்றாள். இத்தனை வருடம் என் துணியைத் துவைப்பவள் அவள். நெருப்பைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், உள்ளே போய்விட்டாள்.

சாயங்காலம் மழை. படுக்கைக்கு மேலே நேராக ஒழுகிற்று. அவள் பாயை நகர்த்தவில்லை. நனைந்துகொண்டே உட்கார்ந்திருந்தாள். பைத்தியம் பிடித்துவிட்டதா என்று கேட்டேன்.

நரைத்தோல் 66, மீன்நாள்

இப்போதெல்லாம் என் சோற்றை வாசலில் வைத்துவிட்டு உள்ளே போய்விடுகிறாள். நாய்க்கு வைப்பது போல என்று எழுத நினைத்தேன். நாயிடம் அவள் இரண்டு வார்த்தை பேசுவாள்.

கூடையை மட்டும் ஒழுங்காகக் கட்டித் தருகிறாள். சூளை வாசலில் கொடுத்தேன். வழக்கம் போல வழித்துச் சுத்தமாகத் திரும்பி வந்தது. காவலாளியின் வாயில் குழம்பு வாடை அடித்தது மாதிரி இருந்தது. என் மூக்குக்கு இனி எதையும் சரியாகச் சொல்லத் தெரியாது.

நரைத்தோல் 74, தவளைநாள்

பதினாறு நாள் கழித்து நொச்சி பேசினாள். நான் எண்ணெய்க் கையோடு படலைத் திறக்கும்போது கேட்டாள்.

"அவனுக்குத் தெரியுமா?"

எதைக் கேட்கிறாள் என்று எனக்குப் புரியவில்லை என்றேன். அவள் மறுபடி கேட்கவில்லை. முற்றத்துச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றப் போய்விட்டாள். என் கை நாற்றம் எனக்கே தாங்கவில்லை, அதனால்தான் நேராகக் கழுவப் போனேன். வேறு காரணம் இல்லை.

நரைத்தோல் 83, கோழிநாள்

எண்ணெயும் பட்டினியும் எத்தனை நாளைக்கு? அது உயிருள்ள ஜந்து. இன்று காலை போய்ப் பார்த்தால் மூக்கு நுனியில் தோல் பிளந்துவிட்டது. விரல் நுழையும் அளவு. உள்ளே பளபளவென்று மஞ்சள். எனக்குச் சிரிப்பே வந்துவிட்டது. ஓடிப்போய்ச் சொன்னேன், இனி யாராலும் நிறுத்த முடியாது என்று.

நாள்நாயகம் அசரவில்லை. மேசை இழுப்பறையிலிருந்து ஒரு கோணி ஊசியும் சணல் நூல் கண்டும் எடுத்து என் முன்னால் வைத்தார். ஏற்கெனவே வாங்கி வைத்திருக்கிறார் மனுஷன்.

நரைத்தோல் 84, தவளைநாள்

தைத்தேன்.

நரைத்தோல் 91, மீன்நாள்

தலையில் நாற்பது தையல், கழுத்தில் முப்பது, வயிற்றோரம் எண்ண முடியவில்லை. பழைய தோலுக்கும் புதுத் தோலுக்கும் நடுவில் சீழ் கட்டியிருக்கிறது. ஊசி குத்தும் இடத்தில் அது பீய்ச்சி முகத்தில் அடிக்கிறது. புழு வைத்துவிட்டது. எண்ணெயில் புழு நெளிந்து மினுமினுக்கிறது. அது கத்தவில்லை. அதற்குக் குரல் கிடையாது. ஊசி இறங்கும்போது பக்கவாட்டில் தோல் மட்டும் சிலிர்க்கிறது.

எனக்கு அதைப் பிடிக்காது. முதல் நாளிலிருந்தே பிடிக்காது. ஆனால் இன்று ஒன்று தெரிந்தது. பதினேழு வருடத்தில் அது நாறியிருக்கிறது, அசிங்கம் செய்திருக்கிறது, அதற்கு மேல் எனக்கு ஒன்றும் செய்ததில்லை. இன்று அதன் மேல் குனிந்திருந்தபோது குமட்டியது அதைப் பார்த்து அல்ல. ஊசி பிடித்திருந்த கையைப் பார்த்து.

கூடை கொடுக்க இன்று என்னால் போக முடியவில்லை. நொச்சியே போய்க் கொடுத்துவிட்டு வந்தாள். வந்தவள், "உள்ள இருமல் சத்தம் நிறைய கேக்குது. அவனோடது எதுன்னு தெரியல" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள்.

நரைத்தோல் 99, தவளைநாள்

நாளைக்கு நீள்மாதத்தின் நூறாம் நாள் விழா. பட்டினிநாள் அடுப்பு எரியக்கூடாது என்பதால் இன்றே நெய்யுருண்டை பிடித்துக் குவிக்கிறார்கள். ஊர் முழுக்கப் படியில் உட்கார்ந்து பெரியவளைக் கும்பிட்டுவிட்டு நெய்யுருண்டை தின்னுமாம். தையல் தெரியாமல் மேலே பூமாலை போட்டு மூடு என்று உத்தரவு.

மாலையைப் போட்டுப் பார்த்தேன். மூடத்தான் செய்கிறது.

நரைத்தோல் 100, பட்டினிநாள்

உச்சிவெயில். படி முழுக்க ஜனம். முறைத்தலைவர் பட்டு உடுத்தி, கீழிருந்து முதல் படியில். தாழையார் மூன்றாம் படியில், மூக்கில் துணி. நான் கீழே, சாமரம் வீச.

நெய்யுருண்டைத் தட்டுகள் கை மாறிக்கொண்டிருந்தன. எல்லாருடைய வாயும் அசைந்துகொண்டிருந்தது. நொச்சி கூட்டத்தின் ஓரத்தில் நின்றாள். அவள் கையில் உருண்டை இல்லை. அவள் பெரியவளைப் பார்க்கவில்லை, என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இடுப்பில் தவளைக் கூடையின் கயிறு அறுக்கும் கத்தி இருந்தது. மூக்கு நுனியிலிருந்து ஆரம்பித்தேன். மாலைக்கு அடியில் கையை விட்டு ஒவ்வொன்றாக அறுத்துக்கொண்டே பின்னால் போனேன். பூ சரி செய்கிறேன் என்று நினைத்திருப்பார்கள். கழுத்துத் தையல் அறுந்ததும் மற்றதெல்லாம் தானாகத் தெறித்தது. அது ஒரு முறை உடம்பை முறுக்கியது. அத்தனை நாள் சீழும் எண்ணெயும் புழுவும் ஒரே அலையாக முதல் இரண்டு படி வரை எழுந்து அடித்தது. மாலையும் மணமும் எங்கே போயிற்றோ. அது தன் தோலுக்குள்ளிருந்து ஊர்ந்து வெளியே வந்தது, மஞ்சளாக, ஈரமாக, எல்லார் கண் முன்னாலும்.

முறைத்தலைவர் தன் பட்டின் மேலேயே வாந்தி எடுத்தார். அதைப் பார்த்துப் பக்கத்திலிருந்தவர். அவரைப் பார்த்து அடுத்தவர். படிப்படியாக மேலே வரை போயிற்று. தின்ற நெய்யுருண்டை அத்தனையும் படியில். இப்படிப்பட்ட ஒரு காட்சியை நான் பார்த்ததில்லை. என் ஆயுளில் முதல் தடவையாக அந்தக் குழியில் எனக்கு மட்டும் குமட்டவில்லை.

சூளை வாசல் நாளைக் காலை திறக்கும். பூவரசு வந்துவிடுவான்.

பொன்தோல் 1, மீன்நாள்

என்னைப் பிடித்துக்கொண்டு போவார்கள் என்று காத்திருந்தேன். யாரும் வரவில்லை. தாழையார் காலையிலேயே புதுத் தலைவருக்கு முதல் மாலை போட்டுவிட்டாராம். தையல் என்று எதுவும் இல்லை, பெரியவள் தானாக உரித்தாள் என்று அறிவிப்பு. அதோடு இன்னொன்று. நாள்மனைப் புத்தகத்தில் முப்பத்திரண்டு வரிக்கு மேல் இல்லை. ஆகவே நரைத்தோல் முப்பத்திரண்டு நாள் கொண்ட மாதம். மிச்ச அறுபத்தெட்டு நாள் வரவே இல்லை. அந்த நாட்களை வாயால் சொன்னாலும் எழுதினாலும் குற்றம்.

சூளை வாசலில் நானும் நொச்சியும் நின்றோம். அவள் கையில் துவைத்த வேட்டி. காவலாளி பதினோரு பெயர் படித்தான். ஆறு பேர் வந்தார்கள், தலை, புருவம், இமை எல்லாம் வெள்ளை. மற்ற ஐந்து பெயருக்கும் அவனே 'போயாச்சு' என்று சொல்லிக் கோடு போட்டான். அதில் மூன்றாவது பெயர் பூவரசு. எங்கே போயாச்சு என்று நொச்சி கேட்டாள். விடுதலை, வீட்டுக்குப் போயிருப்பான் என்றான்.

வீட்டுக்கு ஓடினோம். வீட்டில் யாரும் இல்லை.

பொன்தோல் 2, ஆட்டுநாள்

வெளியே வந்த ஆறு பேரில் இலவன் என்பவரைத் தேடிப் பிடித்தோம். ஓடத்துறையில் அவர் தங்கை வீட்டில் படுத்திருந்தார். கண் சரியாகத் தெரியவில்லை. நொச்சி தன் பெயரைச் சொன்னதும் எழுந்து உட்கார முயன்றார். நரைத்தோல் பிறந்த நாளிலிருந்து சுவரில் கோடு போட்டு நாள் எண்ணினாராம். அறுபத்தொன்றாம் நாள் உச்சிப்பொழுதில் சுண்ணாம்பு கிளறிக்கொண்டிருந்தபோது பூவரசு இருமத் தொடங்கினான், இருமல் நிற்கவில்லை, உட்கார்ந்தவன் எழுந்திருக்கவில்லை. உடம்பை அங்கேயே சுண்ணாம்பு நீற்றும் குழியில் போட்டார்கள்.

கூடை எதுவும் உள்ளே வந்ததே இல்லை என்றும் சொன்னார்.

நொச்சி அழவில்லை. அவர் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தாள்.

பொன்தோல் 3, கோழிநாள்

ஒருவர் செத்தால் நாள்மனையில் நாட்சீட்டு வாங்க வேண்டும். செத்த நாள் எழுதிய அந்தச் சீட்டை வாசலில் வைத்து, தண்ணீர் விட்டு, பெயர் சொல்லி அழுதால்தான் செத்தவர் செத்தவராவார். இல்லாவிட்டால் அழக்கூடாது, உயிரோடிருப்பவரை அழுத பாவம் என்பார்கள். நொச்சி போய்க் கேட்டாள். எழுத்தர் மரியாதையாகத்தான் பேசினார்.

"அறுபத்தொண்ணுன்னு ஒரு நாளே கிடையாதும்மா. இல்லாத நாள்ல எப்படிச் சாவாரு? எங்கயாவது வேலைக்குப் போயிருப்பாரு, வருவாரு."

நான் தாழையாரிடம் போனேன். தோலை வெட்டிய விஷயத்தில் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது என்றேன். அவர் என்னை முடிக்கவிடவில்லை. அது போன மாத வழக்கு, குற்றவாளி தண்டனை முடித்து வெளியே போய்விட்டான், இனி அதில் இன்னொரு குற்றவாளிக்கு இடமில்லை என்றார். காற்றுமேட்டு வீட்டுச் சாவியை நான் திருப்பிக் கொடுத்தேன். அதையும் வாங்கவில்லை. வைத்துக்கொள், நல்ல வேலைக்காரன் நீ என்றார். தோளில் தட்டினார். தட்டிய கையைத் துணியில் துடைத்துக்கொண்டார்.

வெளியே வந்து அந்தத் தோளைப் பிய்த்து எறியலாம் போல இருந்தது. சாவியை மதகில் எறிந்தேன். அதனால் யாருக்கு என்ன?

பொன்தோல் 5, பட்டினிநாள்

அடுப்பில்லாத நாள். நொச்சி முற்றத்தில் உட்கார்ந்திருந்தாள். நான் போய் எதிரே உட்கார்ந்தேன். எழுந்து போகவில்லை.

"அழணும் எனக்கு. நாள் இல்லாம எப்படி அழுவேன்? நீங்கதான் தெனமும் எழுதுறீங்களே. எனக்குத் தெரியாதுன்னு நெனச்சீங்களா? அந்த நாளை எழுதிக் குடுங்க. எல்லாத்தையும் எழுதுங்க."

அதை எழுதினால் குற்றம் என்றேன். கையெழுத்து என்னுடையது, சூளைக்குத்தான் அனுப்புவார்கள் என்றேன். சொல்லிக்கொண்டிருக்கும்போதே என் வாயிலிருந்து வரும் வார்த்தை எனக்கே நாறியது.

அவள் நோட்டை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

நரைத்தோல் 61, மீன்நாள்

இந்த நாளைப் பற்றி நான் எதுவும் எழுதி வைத்திருக்கவில்லை. இப்போது எழுதுகிறேன். நொச்சி எதிரே நிற்கிறாள்.

காலையில் கூடையோடு சூளை வாசலுக்குப் போனேன். உள்ளே ஒருவன் இருமிக்கொண்டே இருந்தான். தூசு எனக்கு ஒத்துக்கொள்ளாது என்று மூக்கைப் பொத்திக்கொண்டு, கூடை திரும்பி வந்ததும் வேகமாக நடந்துவிட்டேன். நேராகக் காற்றுமேட்டுக்குப் போய் ஜன்னலைத் திறந்து வைத்து உட்கார்ந்தேன். நல்ல காற்று. அந்த உச்சிப்பொழுதில் என் மச்சினன் பூவரசு செத்துப்போனான்.

தோலை வெட்டியது நான். கூரை ஒழுகிற்று. அது தண்ணீர் விடாத தோல், இரண்டு முழம் எடுத்தால் யாருக்குத் தெரியப்போகிறது என்று வெட்டினேன். பூவரசு குழியின் அந்தப் பக்கத்திலிருந்து பார்த்துவிட்டான். அவனுக்குத் தெரியும், நொச்சி. முதலிலிருந்தே தெரியும். நாள்நாயகம் கேட்டபோது நான் சொல்வதற்குள் அவன் முந்திக்கொண்டான் என்று எனக்கு நானே சொல்லி வந்தேன். நான் சொல்வதாகவே இல்லை. அவன் என் முகத்தைப் பார்த்தான், அதைத் தெரிந்துகொண்டான், பிறகுதான் சொன்னான். கூட்டிக்கொண்டு போகும்போது என் காதருகே வந்து, "ஒரு மாசந்தான அத்தான். அக்காகிட்ட சொல்லிக்க வேணாம், வருத்தப்படும்" என்றான்.

அந்த ஒரு மாதத்தை இருபத்தேழாம் நாளிலிருந்து என் கையால் நீட்டினேன். எண்ணெய் பூசி நீட்டினேன், ஊசி குத்தி நீட்டினேன். எந்த நாளில் வேண்டுமானாலும் போய், நான்தான் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவனை வெளியே விட்டிருப்பார்கள். அறுபது நாள் இருந்தது எனக்கு.

தும்பையன், பெரியவள் குழி.

எழுதியதை வாசித்துக் காட்டச் சொன்னாள். வாசித்தேன். நாளை மட்டும் இன்னொரு முறை வாசிக்கச் சொன்னாள். வாசித்தேன். வாசலில் செம்புத் தண்ணீர் வைத்துவிட்டு வந்து இந்தப் பக்கத்துக்காகக் கையை நீட்டுகிறாள். கிழித்துக் கொடுக்கிறேன்.